வயிற்றோடு வரும் விருந்தாளி

நவம்பர் மாதத்தின் நான்காம் வியாழக்கிழமை, தேங்க்ஸ்கிவிங். மாசசூசெட்ஸில் எந்த வீட்டு விருந்துக்குப் போனாலும் அவர் இருப்பார். மற்றவர்கள் ஒயின் பாட்டிலோடு வருவார்கள். அவர் மூடி போட்ட கண்ணாடிப் பாத்திரத்தோடு வருவார். கோட்டைக் கழற்றும் முன்பே கேள்வி வந்துவிடும்: "வான்கோழி ஸ்டஃபிங்கில் வெங்காயம் போட்டிருக்கிறீர்களா?"

போட்டிருக்கிறார்கள். போடாமல் இருப்பார்களா?

எதிர்பார்த்ததுதான் என்பதுபோல் தலையாட்டிவிட்டுப் பாத்திரத்தைத் திறப்பார். உள்ளே ஓவனில் சுட்ட பரங்கித் துண்டுகள். வீட்டுக்காரர்களுக்கு எரிச்சல் எதில் என்றால், மணம் பிரமாதமாக இருக்கும்.

அவருக்கு வந்திருப்பது கற்பனை வியாதி இல்லை. வெங்காயத்தில் இருப்பதுபோன்ற சில வகைச் சர்க்கரைகள் சிறுகுடலில் சரியாக உறிஞ்சப்படாமல் பெருங்குடலுக்கு இறங்கி, அங்குள்ள பாக்டீரியாக்களுக்குத் தீனியாகி, வாயுவாக மாறுகின்றன. எரிச்சல் குடல் நோய் உள்ளவர்களை இது பாடாய்ப் படுத்தும். 2005இல் மெல்பர்ன் ஆய்வாளர்கள் பீட்டர் கிப்சனும் சூ ஷெப்பர்டும் இந்தச் சர்க்கரைகளுக்குச் சேர்த்துச் சூட்டிய பெயர் 'ஃபாட்மேப்'. அவற்றைக் குறைக்கும் உணவுமுறைக்கு மூன்று கட்டங்கள். முதலில் இரண்டு முதல் ஆறு வாரம் அவை அதிகமுள்ள எல்லாவற்றையும் நிறுத்த வேண்டும். பிறகு ஒவ்வொன்றாகச் சாப்பிட்டுப் பார்த்து, ஒத்துக்கொள்வதைத் திரும்பச் சேர்த்துக்கொள்ள வேண்டும். நம்மவர் முதல் கட்டத்திலேயே வீடு கட்டிக் குடியேறிவிட்டார். காலி செய்யும்படி உணவியல் நிபுணர் சொல்லிச் சொல்லி ஓய்ந்துபோனார்.

பரங்கி வாங்குவதிலும் கறார்தான். பட்டர்நட் 1940களில் மாசசூசெட்ஸிலேயே உருவான ரகம், உள்ளூர்ப் பிள்ளை. ஆனாலும் கொஞ்சம் கூடினால் வயிற்றைப் புரட்டும் என்று ஒதுக்கிவிட்டார். கரும்பச்சைத் தோல் கொண்ட ஜப்பானியக் கபோச்சாதான் வேண்டும். அதிலும் ஒரு வேளைக்கு 75 கிராம். அதற்கென்றே கோட்டுப் பையில் சின்னத் தராசு ஒன்று உண்டு.

கபோச்சாவை வெட்டுவது லேசில்லை. மைக்ரோவேவில் இரண்டு நிமிடம் வைத்து இளக்கினால்தான் கத்தி இறங்கும். வெந்தால் தோலையும் சாப்பிடலாம். துண்டுகளை ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி, 400 டிகிரி ஃபாரன்ஹீட்டில் ஓரம் கருகும்வரை சுடுவார். தேன் கூடாது, அதில் ஃப்ரக்டோஸ் அதிகம். மேப்பிள் பாகு ஊற்றலாம். பூண்டு கூடவே கூடாது, பூண்டு எண்ணெய் தாராளமாக! பூண்டில் வம்பு செய்யும் சர்க்கரை தண்ணீரில் கரையும், எண்ணெயில் கரையாது. எண்ணெயில் இறங்குவது வாசனைதான். அந்த எண்ணெயையும் கடையில்தான் வாங்குவார். எண்ணெயில் ஊறும் பூண்டை வெளியே வைத்தால் பாட்டுலிசம் வரலாம் என்று பந்தியிலேயே விளக்குவார். கேட்டவர்கள் முள்கரண்டியைக் கீழே வைத்துவிடுவார்கள்.

வெங்காய வாசனைக்கு? நம் பெருங்காயம்! சாம்பார் எது, ரசம் எது என்று அறியாத நியூ இங்கிலாந்து மனிதர், இந்தியக் கடையில் டப்பா டப்பாவாகத் திருப்பிக் கோதுமை மாவு கலந்திருக்கிறதா என்று தேடுவார். பல டப்பாக்களில் கலந்துதான் இருக்கும். தினம் சாம்பாரில் போடும் நம்மில் எத்தனை பேர் அந்த லேபிளைப் படித்திருக்கிறோம்?

விருந்தில் அவருடைய பாத்திரம்தான் முதலில் காலியாகும். மைத்துனர் மூன்றாவது முறை அள்ளும்போது, "75 கிராம்" என்று எச்சரிப்பார். மைத்துனருக்குக் காது கேட்காது.

கடைசியில் பூசணி பை வரும். கோதுமை மாவு, பால், க்ரீம் என விலக்கப்பட்டவை எல்லாம் ஒரே தட்டில் கூடியிருக்கும். தராசு கோட்டுப் பைக்குள் போய்விடும். "பண்டிகைக்கு ஒரு துண்டு" என்பார். இன்னொரு துண்டு யாரும் கவனிக்காதபோது போகும்.

வெள்ளிக்கிழமை காலை உணவுக் குறிப்பேட்டில் எழுதுவார்: "இரவு முழுதும் உப்புசம். சந்தேகம்: பரங்கி."