கேஸ் இருக்குல்ல?

இந்தச் சம்பாவுக்கு நாத்து விட்டது என் சித்தப்பா. களை எடுத்தது சித்தி. ஊருக்கே தெரியும். அரசாங்கத்துக்கு மட்டும் தெரியாது. பங்காளி ஒருவர் போட்ட பாகப்பிரிவினை வழக்கு நிலுவையில் இருக்கிறது. அதனால் சேற்றில் முழங்கால் புதைய நின்றாலும் சித்தப்பா அந்தரத்தில்தான் நிற்கிறார்.

பயிர்க்கடனுக்கு அடங்கல், இன்சூரன்ஸுக்கு அடங்கல், கொள்முதல் நிலையத்தில் நெல் போட அடங்கல். 'இவர் சாகுபடி செய்கிறார்' என்று ஒரு வரி, கீழே கையெழுத்து, முத்திரை. அதைக் கேட்டுக் கிராம நிர்வாக அலுவலரிடம் போனார்.

"கேஸ் இருக்குல்ல?"

"இருக்குங்க சார். நட்டது நான்தானே? வந்து ஒரு எட்டு பாருங்க."

"பாத்து என்ன செய்ய? கோர்ட் ஆர்டர் கொண்டாங்க."

வக்கீலிடம் போனார். "தடை உத்தரவு கேக்கணும்னா அனுபவத்துல இருக்கறது நீங்கதான்னு காட்டணும். அடங்கல் கொண்டாங்க" என்றார் அவர். செக்கு மாட்டுக்காவது கடைசியில் கொஞ்சம் பிண்ணாக்கு கிடைக்கும். சித்தப்பாவுக்கு மிஞ்சியது பஸ் டிக்கெட்.

அடங்கல் சொத்துப் பத்திரம் இல்லை. கிராமக் கணக்கு எண் 2. எந்த சர்வே எண்ணில் என்ன பயிர், யார் சாகுபடி என்று கிராம நிர்வாக அலுவலர் வயலுக்கே போய்ப் பார்த்து எழுத வேண்டிய கணக்கு. அப்படிப் பார்ப்பதற்கு அஜ்மாயிஷ் என்று பெயர். இப்போது பெயர் மட்டும்தான் மிச்சம். நிலம் யாருக்குச் சொந்தம் என்று சண்டை வந்தால் தாசில்தார் தீர்ப்புச் சொல்லக்கூடாது, சிவில் கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும் என்கிறது பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 1987 விதி. சென்னை உயர் நீதிமன்றமும் 2011இல் விஸ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் அதைத்தான் சொன்னது. நல்ல விதி. பட்டாவில் பேர் மாற்றுவதற்கு உண்டான விதி. நிற்கிற நெல்லைப் பார்த்து நெல் என்று எழுதாதே என்று அதில் எந்த வரியில் இருக்கிறது?

இதில் இன்னொரு கூத்து. அதே சர்வே எண்ணுக்கு, அதே கேஸ் நடக்கும்போதே, பங்காளிக்கு அடங்கல் கிடைத்துவிட்டது. அவர் சென்னைவாசி. வயலைக் கடைசியாகப் பார்த்தது அவர் அம்மா கருமாதிக்கு வந்தபோது. பயிர் என்ற இடத்தில் நிலக்கடலை என்று எழுதியிருந்தது. கணுக்கால் தண்ணீரில் கடலை விளைவிக்கும் வித்தை தெரிந்தவரை வேளாண் பல்கலைக்கழகம் இன்னும் கண்டுகொள்ளாதது அநியாயம். கேஸ் என்பது ஒரு தரப்புக்கு மட்டும் நிலுவையில் இருக்கும் போலிருக்கிறது. மறு தரப்புக்கு அது என்ன விலைக்கு நீங்கும் என்பதை நான் எழுதி நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை.

உரிமை யாருக்கு என்ற பேச்சை ஒதுக்கிவிட்டு, அனுபவத்தில் இருப்பது யார் என்று மட்டும் விசாரிக்கச் சட்டத்தில் வழி இல்லாமல் இல்லை. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 145 என்றார்கள், இப்போது புதிய சட்டத்தில் 164. ஆர்டிஓ விசாரிப்பார். ஆனால் ஊர் அமைதி கெடும் நிலை வந்தால்தான் அந்தக் கதவு திறக்கும். அதாவது, அரிவாளைத் தூக்கினால் அரசுக்குக் கண் தெரியும். சித்தப்பாவிடம் இருப்பது கதிர் அறுக்கிற அரிவாள்.

எங்கள் மாவட்டத்துத் திருமயத்தில் ஒரே குன்றில் சிவனுக்கும் பெருமாளுக்கும் அடுத்தடுத்துக் குடைவரை. சொத்து, வருமானம் என்று இரண்டு கோயிலுக்கும் ஓயாத தகராறு. 1245இல் ஹொய்சாளத் தளபதி அப்பண்ண தண்டநாயக்கர் வந்து உட்கார்ந்து, பங்கு பிரித்து, தீர்ப்பைக் கல்லிலேயே வெட்ட வைத்துவிட்டுப் போனார். கன்னட தேசத்துக்காரர், படை நடத்துகிறவர். வாதியும் பிரதிவாதியும் சாமிகள். "கேஸ் இருக்குல்ல?" என்று அவர் யாரையும் திருப்பி அனுப்பவில்லை. உளி பிடித்துக் கல்லில் வெட்டிய அதே மாவட்டத்தில் இன்று பால்பாயிண்ட் பேனாவைத் தூக்க முடியவில்லை.

போன வாரம் அறுப்பு முடிந்தது. அடங்கல் இல்லாமல் கொள்முதல் நிலையத்தில் நெல்லை எடுக்கவில்லை. பனியில் நனைந்து களத்தில் கிடந்த குவியலைப் பார்த்துவிட்டு ஒரு வியாபாரி பைக்கை நிறுத்தினான். ஒரு கை அள்ளி, ஊதி, நாலு மணியைக் கடித்துப் பார்த்தான்.

"நெல்லு உங்களுதாண்ணே?"

"ஆமாப்பா."

விசாரணை முடிந்தது. அரசு விலையை விட எவ்வளவு குறைத்துக் கேட்டான் என்பதைச் சித்தப்பா சித்தியிடம்கூடச் சொல்லவில்லை.