கால்குலேட்டருக்குள் பாம்பு நுழையுமா?

கேள்வி: திருச்செங்கோட்டுப் பொறியியல் மாணவர்களின் கால்குலேட்டரில் பாம்பு விளையாட்டை ஏற்ற இயலுமா? (வாசகர், ராசிபுரம்)

பதில்: இயலாது. சேலம், நாமக்கல் வட்டாரக் கல்லூரிகளில் பரவலாகக் காணப்படும் கேசியோ எஃப்எக்ஸ்-991 வகைக் கருவியில் பாம்பு நுழையக் கேபிள் துளையும் இல்லை, நுழைந்தால் தங்குவதற்கு நிரல் நினைவகமும் இல்லை. அண்ணா பல்கலைக்கழகத் தேர்வுக்கூடத்திற்குள் அது செல்ல முடிவதும் அதனால்தான்.

விளையாட்டுக்கு உரியது வரைபடக் கால்குலேட்டர், அதாவது சமன்பாட்டை வளைகோடாகத் திரையில் வரைந்து காட்டுவதோடு, பயனர் எழுதும் நிரலையும் ஏற்று இயக்கும் கருவி. 1985இல் கேசியோ தொடங்கிவைத்த இவ்வகையில், டெக்சஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் 2004இல் வெளியிட்ட டிஐ-84 பிளஸ் கருவியை யுஎஸ்பி கேபிளால் கணினியுடன் இணைத்து, டிஐ கனெக்ட் என்னும் மென்பொருள் வழியே நிரல்கோப்பை அனுப்பினால், 96க்கு 64 புள்ளிகளே கொண்ட கறுப்பு வெள்ளைத் திரையில் பாம்பு நெளியத் தொடங்கும். பயனருக்கெனக் கிடைக்கும் 24 கேபி நினைவகத்துக்குள், செயலியின் கட்டளைகளை ஒவ்வொன்றாக எழுதும் அசெம்பிளி மொழியில் இவ்விளையாட்டுகளைப் படைத்த மாணவர்களின் திறன் மனமாரப் பாராட்டத்தக்கது. தேர்வு முறைகேட்டைத் தடுக்க வேண்டி, டிஐ-84 பிளஸ் வரிசையின் பிந்தைய சிஇ மாதிரிகளில் 2020இல் அந்நிறுவனம் அசெம்பிளி நிரல்களுக்குக் கதவடைத்தாலும், எளிய பேசிக் மொழி நிரல்கள் தொடர்ந்து அனுமதிக்கப்படுகின்றன.