தணிகையில் நண்டுக் கேக்: காலமும் இடமும் குறித்த ஓர் ஆய்வு

நண்டுக் கேக் என்பது, அவித்து ஓடு நீக்கிய நண்டுச் சதையை முட்டை, ரொட்டித் தூள், மிளகு ஆகியவற்றோடு பிசைந்து, வடை போலத் தட்டி, எண்ணெயில் பொரிக்காமல் ஓவனின் அனலிலேயே வேகவிட்டு எடுக்கத்தக்க காரப் பண்டமாகும். அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில், செசபீக் விரிகுடாவின் நீல நண்டைக் கொண்டு செய்து புகழ்பெற்ற இப்பண்டம் திருத்தணி வீட்டுச் சமையலறையில் கைகூடுமா என்று கேட்போர் பெரும்பாலும் ஓவன் இல்லாமையையும் கடல் இல்லாமையையும் காட்டித் தயங்குவர். அவை இரண்டும் சில்லறைத் தடைகளே. பெருந்தடை சுவரில் தொங்கும் நாட்காட்டி என்பதே இக்கட்டுரையின் துணிபு.

கடலைப் பொறுத்தவரை, நண்டுக்குப் பேர்போன பழவேற்காடு திருவள்ளூர் மாவட்டத்தின் கிழக்குக் கோடியிலும் திருத்தணி அதன் மேற்குக் கோடியிலும் இருப்பதால், நண்டு மாவட்ட எல்லையைக்கூடத் தாண்ட வேண்டியதில்லை. ம.பொ.சி. முன்னின்ற எல்லைப் போராட்டத்தின் பயனாக 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி சென்னை மாநிலத்தோடு இணைந்தது. அப்போராட்டத்தின் கோரிக்கைகளில் நண்டு இடம்பெறவில்லையாயினும், பயனடைந்தோர் பட்டியலில் அதைச் சாப்பிடுவோரைச் சேர்ப்பதில் பிழையில்லை. உள்ளூர் வயல் நண்டு சளிக்கு ரசம் வைக்க உகந்ததே தவிர, கேக்குக்குச் சதை தேறாது.

இனி நாட்காட்டி. திங்கள் சிவனுக்கும், செவ்வாய் முருகனுக்கும், வியாழன் குருவுக்கும், வெள்ளி அம்மனுக்கும், திருப்பதி கூப்பிடு தூரத்தில் இருப்பதால் சனி பெருமாளுக்கும் போக, எஞ்சுவன புதனும் ஞாயிறுமே. புதனன்று நண்டை உடைத்துக்கொண்டு உட்கார எவருக்கும் நேரமிராது. ஞாயிறும் கிருத்திகை, சஷ்டி, அமாவாசை ஆகியவற்றில் விழாமலும், புரட்டாசிக்குள் அகப்படாமலும் இருக்க வேண்டும். நாளுக்கொரு படி என்னும் மரபுக் கணக்கில் பார்த்தால், மலைக்கோயிலின் 365 படிகளில் நண்டின் பங்குக்கு 40 படிகள் கிடைப்பதே அரிது. இதில் ஆராயத்தக்க விந்தை ஒன்றுண்டு. ஆடியில் சூரியன் சஞ்சரிப்பது கடக ராசியில், கடகமாவது நண்டு. வானில் நண்டின் வீட்டிலேயே சூரியன் தங்கியிருக்கும் அம்மாதத்தில்தான், ஆடிக் கிருத்திகைக் காவடிகள் மலையேற, அடிவாரத்து அடுப்புகள் நண்டை அறவே மறக்கின்றன. கும்பகோணம் பக்கத்துத் திருந்துதேவன்குடியில் நண்டு சிவனை வழிபட்டதாகத் தலபுராணம் கூறும். அப்புண்ணியத்தின் பலனே இவ்விலக்கு என வாதிடவும் இடமுண்டு.

தகுதியான ஞாயிறு வாய்த்தபின் செய்முறை எளிது. கொதிநீரில் நண்டு சிவப்பது அஸ்டாசாந்தின் என்னும் நிறமி தன்னைப் பிணைத்திருந்த புரதத்திலிருந்து விடுபடுவதால். ஆறியதும் செவுள்களைக் களைந்து, கொடுக்குகளைக் குழவியால் நோகாமல் தட்டி, இணுக்குகளில் ஒளிந்த சதையை ஈர்க்குச்சியால் நெம்பி எடுக்க, கிலோவுக்குக் கால் கிலோ கிடைத்தால் பெரிது; பிள்ளைகள் அருகிலிருந்தால் அதுவும் கிடைக்காது. ரொட்டித் தூளை அளவின்றிக் கொட்டுவோர் தின்பது ரொட்டியை. கால் கிலோ சதைக்கு ஒரு முட்டையும் மூன்று மேசைக்கரண்டித் தூளும் போதும். பொடியாக அரிந்த சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், கறிவேப்பிலை சேர்த்துத் தட்டி, அரை மணி நேரம் ஃபிரிட்ஜில் வைத்தால் உதிராது.

ஓவனுக்குப் பதில் பழைய குக்கர். காஸ்கெட்டையும் வெயிட்டையும் தவறாமல் கழற்றிவிட்டு, அடியில் ஓர் அங்குலம் கல்லுப்பைப் பரப்பி, 10 நிமிடம் காயவிட்டு, ஸ்டாண்டின் மேல் எண்ணெய் தடவிய தட்டில் கேக்குகளை அடுக்கி மூடி, நடுவில் ஒருமுறை திருப்பிப் போட்டால், 25 நிமிடத்தில் பொன்னிறமாகும். பொரித்தால் ருசி கூடுமே என்பாருக்கு விடை: கூடும், ஆனால் அது கட்லெட், அதற்கு ஆய்வு தேவையில்லை. அந்தக் கல்லுப்பு மறுபடி சமையலுக்கு ஆகாது. ஆறவிட்டு டப்பாவில் போட்டு வைத்தால் அடுத்த ஞாயிற்றுக்கு உதவும், அன்று கிருத்திகை இல்லையென்றால்.