பீஷ்மர் வாயைத் திறக்கவில்லை

அஸ்தினாபுரத்துச் சபையில் அன்று நடந்ததற்கு எல்லாரும் சகுனியைத் திட்டுகிறார்கள். பாவம், அந்தச் சபையிலேயே வந்த வேலையை ஒழுங்காக முடித்த ஒரே ஆள் அவன்தான்.

1989ல் பி.ஆர். சோப்ராவின் 'மகாபாரத்' தொடரில் சூதாட்டக் கட்டம் வந்தபோது அபிராமபுரம் இப்படித்தான் தீர்ப்பு எழுதியது. எங்கள் தெருவில் ரிடையர்டு அதிகாரிகளுக்குப் பஞ்சமில்லை. சாலிடேர் டி.வி. பெட்டி இருந்த வீட்டில் ஞாயிறு காலை கோரம் சேர்ந்துவிடும். இந்தி யாருக்கும் தெரியாது. தி.நகர் இந்தி பிரசார சபாவின் பரீட்சை ஒன்றிரண்டு பாஸ் செய்த மாமிதான் மொழிபெயர்ப்புத் துறை. அடுப்பில் குக்கர் விசில் அடித்தால் குருவம்சமே நாலு நிமிஷம் ஊமை.

ஆட்டம் தொடங்கியது. தர்மபுத்திரர் நாட்டை வைத்தார், போச்சு. தம்பிகளை வரிசையாக வைத்தார், போனார்கள். தன்னையே வைத்துத் தோற்றார். அப்புறம்தான் ஐயாவுக்குப் பெண்டாட்டி ஞாபகம் வந்தது. கண் தெரியாத பெரியப்பா திருதராஷ்டிரர், "ஜெயிச்சாச்சா? ஜெயிச்சாச்சா?" என்று கிரிக்கெட் ஸ்கோர் கேட்டுக்கொண்டிருந்தார்.

திரௌபதி கேட்டது ஒரே கேள்வி. முதலில் தோற்றது தன்னையா, என்னையா? தன்னையே தோற்றுவிட்ட ஆளுக்கு என்னைப் பந்தயம் வைக்க ஏது அதிகாரம்?

"பாயிண்ட்!" என்று நாற்காலிக் கையைத் தட்டினார் எதிர்வீட்டு வக்கீல் மாமா.

பதில் சொல்ல வேண்டியவர் பீஷ்மர். வயது, அனுபவம், தாடி மூன்றிலும் சீனியர். அவர் நெடுநேரம் யோசித்து, "தர்மம் ரொம்ப சூட்சுமமானது" என்றார். அதாவது ஃபைல் பரிசீலனையில் இருக்கிறது. துரோணர் தரையைப் பார்த்தார். அரண்மனைச் சம்பளக்காரர், வேறு எங்கே பார்ப்பார்? விதுரர் பேசினார், தாசி மகன் என்று வாயை அடைத்தார்கள். துரியோதனனின் சொந்தத் தம்பி விகர்ணன் எழுந்து, இது அநியாயம் என்றான். "சின்னப் பையன், உனக்கென்ன தெரியும்?" என்று அவனை அடக்கியது யார் என்கிறீர்கள்? கர்ணன். 1964ல் கர்ணனாக நடித்த சிவாஜிக்காகக் கைக்குட்டை நனைத்த மாமிகளுக்கு இது ஜீரணமாகவே இல்லை. மொழிபெயர்ப்பில் தப்பு என்று ஒரு கட்சியே கிளம்பியது.

நம்ம ஊர்த் தெருக்கூத்தில் துச்சாதனன் வேஷம் கட்டுகிறவர், துகிலில் கை வைக்கும் முன் கற்பூரம் ஏற்றி அம்மனிடம் மன்னிப்புக் கேட்பதுண்டு. வேஷக்காரருக்கு இருந்த பயம்கூட அசல் சபையில் ஒருத்தருக்கும் இல்லை.

இதில் பெரிய தமாஷ், இந்தத் தொடரை ஒளிபரப்பியது அரசாங்க டி.வி.யான தூர்தர்ஷன். அந்த அரசாங்கம்தான், ராஜீவ் காந்தி பிரதமராக இருந்தபோது, 1986ல் சுமார் 1,437 கோடி ரூபாய்க்குப் போஃபர்ஸ் பீரங்கி வாங்கியது. கமிஷன் கைமாறியதாக 1987 ஏப்ரலில் ஸ்வீடன் வானொலி போட்டு உடைத்தது. ஜெனீவாவிலிருந்து சித்ரா சுப்ரமணியம் தோண்டி அனுப்பிய ஆவணங்களை மவுண்ட் ரோடு 'இந்து' பக்கம் பக்கமாக அச்சடித்தது. தூர்தர்ஷனோ, காலையில் பெரியவர்கள் வாயை மூடினால் குலம் என்ன ஆகும் என்று காட்டிவிட்டு, ராத்திரிச் செய்தியில் தானே பீஷ்மராகிவிடும். பிரதமர் விழாவில் கலந்துகொண்டார், பிரதமர் மரம் நட்டார். 'ராஜீவ் தர்ஷன்' என்று ஜனங்கள் பெயர் வைத்தது சும்மாவா? (ராஜீவ் மீதான லஞ்சக் குற்றச்சாட்டை டில்லி உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 2004ல். அதைக் கேட்க அவர் உயிரோடு இல்லை.)

1989 நவம்பரில் தேர்தல். போன தடவை 400க்கு மேல் வாங்கிய காங்கிரஸ் 197க்கு இறங்கியது. வடக்கே பாடம் ஏறிவிட்டது. தமிழ்நாட்டில்? 39 தொகுதியில் 38 காங்கிரஸ், அ.தி.மு.க. கூட்டணிக்கு.

பீஷ்மரை வாராவாரம் நாராகக் கிழித்த கீழ்வீட்டு ரிடையர்டு அண்டர் செக்ரட்டரியிடம், "மாமா, நீங்க யாருக்குப் போட்டீங்க?" என்று கேட்டேன். பேப்பரைப் புரட்டினார். தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

"அதெல்லாம் ரொம்ப சூட்சுமம்ப்பா."