ஏம் காது!

பலமனேர்ப் பக்கம் மாடு வைத்திருப்பவர்களில் ஒரு வகை உண்டு. ஊருக்கு ஒருவராவது தேறுவார். 'நைனா' என்று பொதுவாகக் கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பார். கொட்டகையில் நாலு சீமைப்பசு, பின்னால் அரை ஏக்கர் சூப்பர் நேப்பியர், அதை நறுக்க இரண்டு எச்.பி. மோட்டாரில் ஓடும் தட்டு வெட்டும் மிஷின். ஒவ்வொரு பசுவின் ஈத்துக் கணக்கும் அவருக்கு மனப்பாடம். மோட்டாரையும் மிஷினையும் சேர்க்கும் பெல்ட்டின் நம்பர் மட்டும் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டிய நாள் வராமல் பார்த்துக்கொள்வதுதான் அவருடைய லட்சியம்.

பெல்ட் முதலில் 'கீச்' என்னும். "மழை ஈரம். ஏம் காது" என்பார்; தெலுங்கில் 'ஒன்றும் ஆகாது' என்று அர்த்தம். ஓரத்தில் நூல் பிரியும். "புது வேட்டியிலயே பிரியுது. ஏம் காது." ரப்பர் கருகும் வாடை கொட்டகையை நிறைக்கும். "எவனோ டயர் கொளுத்துறான்." கீச்சொலி தெருவையே எழுப்பும் கட்டத்திலும் அவரிடம் ஒரு நியாயம் இருக்கும்: கௌண்டின்யா சரணாலயத்து யானைகள் வயலில் இறங்குகிற சீமை இது, பட்டாசுச் செலவு மிச்சம்.

கைவைத்தியமும் உண்டு. ஓடும் பெல்ட்டில் பார் சோப்பைக் காட்டுவார். அடுத்த வாரம் குங்கிலியப் பொடி. ஒருமுறை மிச்சமிருந்த கிரீஸையும் தடவினார். அன்று மோட்டார் மட்டும் சுற்றியது, பிளேடு ஓய்வெடுத்தது.

மெக்கானிக் பையன் பொறுமையாகச் சொல்லிப் பார்ப்பான்: "நைனா, வி-பெல்ட் பிடிக்கிறது ரெண்டு பக்கத்தால. புல்லிப் பள்ளத்துல ஆப்பு மாதிரி இறுகணும். தேஞ்சு மெலிஞ்சா அடியில போய் உக்காந்துக்கும். அப்புறம் எவ்வளவு இழுத்துக் கட்டினாலும் வழுக்கும். பாருங்க, பள்ளத்தோட அடி எப்படி மின்னுது!"

நைனா குனிந்து பார்ப்பார். முகம் மலரும். "அவ்வளவு சுத்தமா வச்சிருக்கேன்."

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், கடை சாத்திய பிறகு, பெல்ட் அறும். நறுக்காத தட்டைப் போட்டால் பசுக்கள் இலையைத் தின்றுவிட்டுத் தண்டை நைனாவுக்கே விட்டுவைக்கும். மறுநாள் பால் சங்கத்தில் அளவு இறங்கும். அரிவாள்மணையில் தட்டு நறுக்கிக் கை காய்த்த வீட்டுக்காரம்மா கேட்பார்: "ஏங்க, ஒரு வேளைப் பால் காசு பெறாத பெல்ட்டுக்கு இத்தனை பாடா?"

அறுந்ததைத் தோளில் மாலையாகப் போட்டுக்கொண்டு நைனா கடைக்குப் போவார். நம்பர் எப்போதோ அழிந்துபோயிருக்கும். "ஏ-வா, பி-யா?" என்பார் கடைக்காரர். மேல் அகலம் 13 மில்லிமீட்டர் என்றால் ஏ; 17 என்றால் பி. பக்கத்தில் உள்ள எண், உள்சுற்று எத்தனை அங்குலம் என்று சொல்லும். பி பிரிவுதான் வேண்டும் என்று அளந்து சொன்ன பிறகும் நைனா ஏ பிரிவையே தடவிக்கொண்டிருப்பார். "இது விலை கம்மி. ஒல்லியா இருந்தா கரண்டும் மிச்சமாகுமே?"

மாட்டுவதுதான் உச்சக் காட்சி. முறை என்னவென்றால், கரண்டைப் பிடுங்கிவிட்டு மோட்டாரின் நாலு போல்ட்டையும் தளர்த்தி, மோட்டாரை முன்னால் தள்ளி, பெல்ட்டைக் கையாலேயே ஏற்ற வேண்டும். பிறகு மோட்டாரைப் பின்னால் இழுத்து, இரண்டு புல்லியும் ஒரே நேரில் நிற்கிறதா என்று நூல் பிடித்துப் பார்த்து முடுக்க வேண்டும். நைனாவின் முறை கடப்பாரை. நுனியால் நெம்பினால் அரை நிமிஷத்தில் ஏறிவிடும். உள்ளே ஓடும் இழைகளும் அதே அரை நிமிஷத்தில் அறுந்து, புது பெல்ட் பிறந்த அன்றே கிழடாகிவிடும். இது தெரிந்த வீட்டுக்காரம்மா ஃபியூஸையும் கடப்பாரையையும் முன்கூட்டியே ஒளித்துவிட்டு, துருப்பிடித்த போல்ட்டுகளுக்கு மண்ணெண்ணெய் ஊற்றி வைத்திருப்பார்.

மிஷின் ஓடும். நைனாவுக்குச் சந்தேகம்: "சத்தமே காணோமே, நிஜமா ஓடுதா?"

மகன் சொல்வான்: "நைனா, அடுத்த தடவை இந்தப் பாடு வேணாம். இன்னொண்ணு வாங்கி ஆணியில மாட்டி வச்சிடலாம்."

நைனா பதறிப்போய் அவன் வாயைப் பொத்துவார். "மெல்லப் பேசுடா! மாத்து ஆள் வீட்லயே இருக்கான்னு தெரிஞ்சா, இது இன்னிக்கே அறுந்துக்கும்."