விசா வேண்டாத பயணம்

கேள்வி: இரண்டு நாள் லீவில் பழைய அரண்மனையும் ரினைசான்ஸ் ஓவியமும் பார்க்க ஆசை. இத்தாலிக்குப் போக வசதியில்லையே?
– வாசகர், செங்கல்

பதில்: பாறசாலையில் பஸ் ஏறுங்கள், விசா கேட்கமாட்டார்கள்! முதல் நாள் தக்கலையில் இறங்கி, பத்மநாபபுரம் அரண்மனை. தமிழ்நாட்டு மண்ணில் கேரள அரசு பராமரிக்கும் மர அற்புதம் அது. அவசரப்படாமல் அண்ணாந்து, மரச்செதுக்கல்களை ஒவ்வொன்றாகப் பாருங்கள். குனிந்தால், சிரட்டைக்கரி கலந்து மெழுகிய கறுப்புத் தரை முகம் காட்டும். மறுநாள் நெய்யாற்றின்கரை வழியாகத் திருவனந்தபுரம். திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்ட வர்மா ஒளிந்ததாகச் சொல்லும் அம்மச்சிப் பிலா என்ற பலா மரத்தை வழியிலேயே பார்த்துவிடலாம். பிறகு மியூசியம் வளாகத்தில் ரவிவர்மா. ரினைசான்ஸ் ஓவியர்கள் வளர்த்தெடுத்த எண்ணெய் வண்ணத்தையும் ஒளி நிழலையும் நம் புராணங்களுக்குக் கொண்டுவந்த கிளிமானூர்க்காரர். இரண்டு நாளில் எதுவும் திங்கட்கிழமையாக மட்டும் இருக்க வேண்டாம். அரண்மனை, மியூசியம் இரண்டுக்கும் அன்று விடுமுறை.