நடையுலா விசாரம்

பாயிரம்

ஒரு சாஸ்திரத்தைத் தொடங்குகிறவன் அதன் விஷயம் இன்னது, பிரயோஜனம் இன்னது, அதைக் கற்கத்தக்க அதிகாரி இன்னார், இம்மூன்றுக்கும் உள்ள சம்பந்தம் இத்தன்மையது என்று முகப்பிலேயே சொல்லிவிட வேண்டும் என்பது பெரியோர் வகுத்த மரபு. யானைக்கு வைத்தியமும் குதிரைக்கு லக்ஷணமும் எழுதியதோடு அமையாமல், களவுக்குங்கூட நூல் இருந்ததாகச் சொல்லப்படும் இந்நாட்டில், ஞாயிற்றுக்கிழமை காலையில் பத்துப் பன்னிரண்டு பேர் பணம் கட்டி, ஒரு வழிகாட்டியின் பின்னால், தாங்கள் பிறந்து வளர்ந்த பட்டணத்தையே முன்பின் கண்டிராதவர்களைப் போலப் பார்த்துக்கொண்டு நடக்கும் வழக்கத்துக்கு முறையான நூல் ஒன்று இல்லாதிருப்பது பெருங்குறையே. அக்குறையை நீக்கும்பொருட்டு எழுந்தது இச்சிறு விசாரம்.

விஷயம், சென்னை ஜார்ஜ் டவுனில் நிகழும் நடையுலா. 1639 ஆகஸ்டு 22-ஆம் தேதியைப் பட்டணத்தின் பிறந்தநாளாகக் கொண்டு 2004 முதல் கொண்டாடப்படும் மெட்ராஸ் தினத்தை ஒட்டி இது பல்கிப் பெருகுமாயினும், மற்ற மாதங்களிலும் வெயிலின் கருணைக்கேற்ப நடைபெறுவதுண்டு. பிரயோஜனம் அறிவு என்று அறிவிப்புகள் சொல்கின்றன. அது பிழை என்பதைப் பின்னர் நிறுவுவோம். அதிகாரி, விடுமுறை நாளிலும் ஐந்தரை மணிக்கு எழ வல்லவனாய், இரண்டரை மணி நேரம் உட்கார இடம் தேடாதவனாய், கோயில் வாசலில் கழற்றி மாட்ட எளிதான செருப்பு அணிந்தவனாய் இருப்பவன். சம்பந்தமோ, இந்த அதிகாரிக்கும் ஜார்ஜ் டவுனுக்கும் இதுவரை பாரிமுனையில் பஸ் மாறியதோடு நின்றுபோயிருந்தது.

லக்ஷணம்

இனி, நடையுலாவாவது யாது? 'பலர் கூடித் தெருவில் நடப்பது' என்றால், கட்சி ஊர்வலமும் சவ ஊர்வலமும், சர்க்கரை வியாதிக்காக மெரீனாவில் நடப்போர் கூட்டமும் அதில் அடங்கி, அதிவியாப்தி என்னும் தோஷம் வரும். 'சரித்திரம் கேட்டுக்கொண்டே நடப்பது' என்றால், வரிசையின் கடைசியில் வரும் மூவர் ஒரு சொல்லையும் கேட்பதில்லையாதலால், லக்ஷணம் அவர்கள்மேல் செல்லாமல் அவ்வியாப்தி நேரும். 'வியர்வையின்றி நடப்பது' என்றால் அசம்பவம். சென்னையில் அப்படி ஒன்று இல்லை. மூன்று தோஷமும் நீங்க, 'நிற்பதற்காக நடப்பது நடையுலா' என்று கொள்க. பாரிமுனையில் தொடங்கி ஆர்மீனியன் தெரு, தம்புச் செட்டித் தெரு, பவழக்காரத் தெரு வழியாகத் தங்கசாலை வரைக்கும் உள்ள தூரத்தை, தட்டுவண்டிக்காரர் ஒருவர் சுமையோடு அரை மணியில் கடக்கிறார். சுமையில்லாத பன்னிருவர் இரண்டரை மணியில் கடக்கிறார்கள். எஞ்சிய இரண்டு மணி நேரமும் நின்றதற்கே செலவாயிற்று என்பது கணக்கறிந்தார்க்கு எளிதில் விளங்கும்.

பன்னிருவர் என்னும் தொகை தற்செயலாக அமைந்ததன்று. நால்வராயின், வழிகாட்டி ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்தே பேச நேர்வதால் ஒருவராலும் நிம்மதியாகக் கொட்டாவி விட இயலாது. இருபதைத் தாண்டினாலோ, முன்வரிசை ஆர்மீனியன் தெருவில் நிற்கையில் பின்வரிசை பாரிமுனை சிக்னலில் நிற்கும். பன்னிருவராயின், லோடு ஆட்டோ ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டு வரும்போது ஒரே மூச்சில் தெருவோரம் ஒட்டிக்கொள்ளலாம். வழிகாட்டியின் வாக்கியம் அந்த ஹாரனால் இரண்டாக வெட்டுப்பட்டாலும், பின்பாதியைக் கேட்டவர் முன்பாதியைக் கேட்டவரிடம் விசாரித்து அர்த்தம் பண்ணிக்கொள்ளலாம். ஒவ்வொரு முச்சந்தியிலும் வழிகாட்டி மடக்கிய குடையால் தலைகளை எண்ணுவார். சில வேளை பதின்மூன்று வரும். தெருவோடு போன யாரோ ஒருவர், எதற்கென்று தெரியாமலே வந்து சேர்ந்துகொண்டிருப்பார். பணம் கட்டாத அவரே கூட்டத்தில் மிகக் கவனமாகக் கேட்பவர் என்பது ஆராய்ச்சிக்குரிய செய்தி.

பாத்திர நிரூபணம்

உலா என்னும் பிரபந்தத்தில் தலைவன் வீதியில் பவனி வர, பேதை முதல் பேரிளம்பெண் ஈறாக ஏழு பருவ மகளிர் நின்று பார்ப்பர். நடையுலாவில் இம்முறை தலைகீழாகி, தலைவனாகிய தெரு அசையாதிருக்க, பார்ப்போராகிய எழுவகையினர் பவனி வருகின்றனர். அவர்கள் முன்னோடி, அணுக்கர், படமெடுப்போர், மறுப்பர், வினாவர், நிழல்நாடி, பின்தங்கி எனப்படுவர்.

முன்னோடிக்கு வழி தெரியாது. ஆயினும் வழிகாட்டிக்குப் பத்தடி முன்னால்தான் நடப்பார். முச்சந்தி வந்ததும் நின்று, திரும்ப வேண்டிய திசையைத் தாமே யோசித்துக்கொண்டிருப்பதான பாவனையோடு பின்னால் பார்ப்பார். அணுக்கர் வழிகாட்டியின் முழங்கையை விட்டு அகலாதவர். வாக்கியந்தோறும் தலையசைப்பது இவர் கைங்கரியம். அதன் பயனாக வழிகாட்டியும் மற்றப் பதினொருவரை மறந்து இவருக்கே சரித்திரம் சொல்லத் தலைப்படுவார். படமெடுப்போர் வீட்டுக்குப் போய்த்தான் பட்டணத்தைப் பார்ப்பார். பின்தங்கி, பூக்கடையருகே முழம் என்ன விலையென்று கேட்டுவிட்டு, கேட்ட தோஷத்துக்காக நாலு முழம் வாங்கிக்கொண்டு ஓடி வருபவர்.

இவர்களுள் மறுப்பர் தனியே ஆராயத்தக்கவர். பணி ஓய்வு பெற்றவராகவும், பாட்டனார் லிங்கிச் செட்டித் தெருவில் குடியிருந்தவராகவும் இருப்பது இவருக்குரிய சிறப்பிலக்கணம். வழிகாட்டி ஆண்டைச் சொன்னால் இவர் மாதத்தைச் சொல்வார். வழிகாட்டி மாதத்தையும் சொல்லிவிட்டால், "அதெல்லாம் சரி சார், ஆனா டிராம் இந்தப் பக்கமா வரலே, அந்தப் பக்கமா வந்தது" என்பார். சென்னையில் டிராம் 1953-இல் நின்றுவிட்டதாகையால், எதிர்ச்சாட்சி சொல்ல வல்லவர் கூட்டத்தில் இரார். வினாவருக்கு உள்ளவை இரண்டே வினாக்கள்: "இந்த இடம் இப்ப என்ன விலை போகும்?" என்பது ஒன்று, "பக்கத்துல பாத்ரூம் இருக்கா?" என்பது மற்றொன்று. இரண்டுக்கும் எந்த வழிகாட்டியிடமும் திருப்தியான விடை இல்லை.

நிழல்நாடியோ ஒரு பெரிய தத்துவத்துக்கு ஆதாரமானவர். ஜார்ஜ் டவுனின் நீண்ட தெருக்களுள் பல வடக்குத் தெற்காக ஓடுவன. சூரியன் துறைமுகத்துப் பக்கமிருந்து ஏறும் காலை வேளையில் நிழல் கீழச்சிறகின் காலடியில் விழும். முதலில் நிழல்நாடி அங்கே ஒதுங்குவார். அவரைத் தொடர்ந்து ஒருவர் பின் ஒருவராக யாவரும் ஒதுங்க, தனியே வெயிலில் நின்று பேசுவது அவமானமாகப் பட்டு வழிகாட்டியும் அங்கே வந்து சேர்வார். கீழச்சிறகை முதுகால் ஒட்டி நிற்பவன் கண்ணுக்கு எதிரேயுள்ள மேலச்சிறகு மட்டுமே புலப்படும். தலைக்கு மேலுள்ள கட்டடம் புலப்படாது. ஆகவே இப்பகுதியில் மேலச்சிறகுகள் நன்கு ஆராயப்பட்டும் கீழச்சிறகுகள் அநாதையாகவும் கிடப்பதற்குக் காரணம் ஆவணக் குறைவன்று, வெயிலே என்பது நம் துணிபு. மாலையில் உலாப் போனால் இக்குறை தீருமே என்பார்க்கு, மாலையில் அங்கே நிற்க இடமிராது என்பதே விடை.

பிரமாண விசாரம்

வழிகாட்டியின் வாக்கு எவ்வளவு தூரம் கொள்ளத்தக்கது? அது பிரத்யக்ஷம், ஐதிகம், அபாவம் என்னும் மூன்று பிரமாணங்களின் வழியே நமக்கு எட்டுகிறது.

பிரத்யக்ஷத்துக்கு உதாரணம், 1788-இல் இவ்வூரில் வியாபாரம் தொடங்கிய தாமஸ் பாரியின் பெயர் தாங்கும் பாரிமுனையில் நிற்கும் கல்தூண். பிரெஞ்சுக்காரர் 1746-இல் கோட்டையைப் பிடித்து 1749-இல் திருப்பித் தந்த அனுபவத்தால், இனியொரு பகைவன் வீடுகளின் மறைவில் கோட்டை வாசல்வரை வந்துவிடலாகாது என்று அஞ்சிய கும்பெனியார், வடக்கே ஒட்டியிருந்த பழைய கறுப்பர் பட்டணத்தை இடித்து வெளியாக்கினார்கள். அங்கே இருந்த சென்னகேசவப் பெருமாள் கோயிலும் அப்போது போய், பின்னர்ப் பூக்கடைப் பக்கத்தில் சென்னமல்லீசுவரர் துணையோடு மறுபடி எழுந்தது. அந்த வெளியில் யாரும் கட்டடம் எழுப்பலாகாது என்பதற்கு அடையாளமாக 1773-இல் நாட்டிய எல்லைத் தூண்களில் எஞ்சி நிற்பது இது. அவ்வாறு விலக்கிய நிலத்தின் மேலேயே 1892-இல் ஹைகோர்ட்டு எழும்பி, 1894 முதல் அதன் கோபுரத்தில் கலங்கரை விளக்கமும் எரிந்தது. தடைவிதித்த கல் தெருமூலையில் ஒடுங்கி நிற்க, தடையை மீறிய கட்டடம் நீதி வழங்கிக்கொண்டிருக்கிறது. இதற்கு வியாக்கியானம் வேண்டியதில்லை, கண்ணே போதும்.

ஐதிகமாவது, முதலில் சொன்னவர் யாரென்று தெரியாமல் பரம்பரையாக வருவது. தம்புச் செட்டித் தெருக் காளிகாம்பாள் சந்நிதியில் 1677-இல் சத்ரபதி சிவாஜி வந்து வழிபட்டதாகக் கோயிலில் சொல்கிறார்கள். வழிகாட்டி தொழிலுக்குப் புதியவராயின் "வந்ததாகச் சொல்கிறார்கள்" என்பார். சற்றுப் பழகியவராயின் "வந்தார்" என்பார். முதிர்ந்தவராயின் எந்த வாசல் வழியாக வந்தார், குதிரையை எங்கே கட்டினார் என்பது வரைக்கும் கைநீட்டிக் காட்டுவார். ஆகவே ஓர் ஐதிகத்தின் நுட்பத்தைக் கொண்டு, அதைச் சொல்பவரின் சர்வீஸ் எத்தனை வருஷம் என்று அனுமானிக்கலாம்.

அபாவமாவது, இல்லாமையே சான்றாவது. ஹைதர் அலியின் படையெடுப்பால் நடுங்கிய கும்பெனியார் பட்டணத்தைச் சுற்றி மதில் கட்டி, அதன் செலவைக் குடிமக்கள் மேல் வரியாகச் சுமத்த எண்ணினார்கள். வரி வசூலாகவில்லை. மதிலும், மாடிப் பூங்காவில் உள்ள மிச்சம் நீங்கலாக, அநேகமாகப் போய்விட்டது. இல்லாத மதிலுக்குக் கொடுக்காத வரியின் பெயரால் வால்டாக்ஸ் ரோடு மட்டும் இன்றும் போக்குவரத்து நெரிசலோடு விளங்குகிறது.

மூன்று பிரமாணமும் வாயடைத்துப்போகும் இடம் ஒன்றுண்டு. அது 1772-இல் கட்டிய ஆர்மீனியன் மாதா கோயிலின் முற்றம். உலகத்தின் முதல் ஆர்மீனியப் பத்திரிகையாகிய 'அஸ்தரார்' என்பதை 1794-இல் இதே பட்டணத்தில் அச்சிட்டு வெளியிட்டு, 1824-இல் காலமான பாதிரியார் ஷமாவோனியன் இங்கேதான் அடக்கமானார். தரையெல்லாம் கல்வெட்டு, அதன் எழுத்து பன்னிருவரில் ஒருவருக்கும் தெரியாது, மறுப்பரும் மறுக்க ஒன்றுமின்றி நிற்பார். தாம் நிற்பது ஒரு கல்லறையின் மேல் என்று உணர்ந்த ஒருவர் மெல்லக் காலைத் தூக்கி அடுத்த கல்லில் வைப்பார்; அதுவும் கல்லறையாயிருக்கும். இவ்வாறு பன்னிருவரும் ஒற்றைக்காலில் இடம் தேடும் அந்த அரை நிமிஷத்தில்தான் நடையுலாவில் பூரண மௌனம் நிலவுவது.

பூர்வபக்ஷமும் சித்தாந்தமும்

இங்கே பூர்வபக்ஷி ஆக்ஷேபிக்கிறான்: "இவையெல்லாம் எஸ். முத்தையா முதலானோர் எழுதிய புத்தகங்களில் இருக்கின்றன; செல்போனைத் தட்டினாலும் கிடைக்கின்றன. ஒருவன் தனியே போய்ப் பார்த்துக்கொள்ளலாமே. பன்னிருவர் எதற்கு, பணம் எதற்கு?"

சமாதானம் கூறுவோம். தனியொருவன் தம்புச் செட்டித் தெருவில் நின்று, ஒரு பழைய வீட்டின் மாடியிலுள்ள மர ஜன்னலை ஐந்து நிமிஷம் அண்ணாந்து பார்க்கட்டும். முதல் நிமிஷத்தில் வாட்ச்மேன் வந்து "யார் வேணும்?" என்பார். மூன்றாவது நிமிஷத்தில் பைக்கில் வந்த ஒருவர், "வாடகைக்கா சார்? அது கேஸ்ல இருக்கு" என்பார். ஐந்தாவது நிமிஷத்தில் அவனுக்கே தன்மேல் சந்தேகம் பிறந்து, அடிக்காத செல்போனைக் காதில் வைத்துக்கொண்டு நகர்ந்துவிடுவான். அதே ஜன்னலைப் பன்னிருவர் அண்ணாந்து பார்க்கட்டும். வாட்ச்மேன் நாற்காலியை விட்டு எழுந்து நிற்பார். டீக்கடைக்காரர் பாய்லரை விட்டு வெளியே வந்து, கடைசியில் நிற்பவரை மரியாதையாக அணுகி, "என்ன சார், மெட்ரோ சர்வேயா? ரோட்டை அகலமாக்கப் போறாங்களா?" என்று தாழ்ந்த குரலில் விசாரிப்பார். அப்படியெல்லாம் இல்லை, பழைய ஜன்னலைப் பார்க்க வந்தோம் என்று தெரிந்ததும், நம்பாமலே தாமும் அண்ணாந்து பார்ப்பார்.

ஆகவே சித்தாந்தம் இது: நடையுலாவின் பிரயோஜனம் அறிவன்று, அனுமதி. வேலையின்றித் தெருவில் நிற்பதற்கும், நின்று அண்ணாந்து பார்ப்பதற்கும் தனிமனிதனுக்கு இப்பட்டணம் கொடாத உரிமையைப் பன்னிருவருக்குக் கேளாமலே கொடுக்கிறது. கட்டணம் அந்த லைசென்சுக்குத்தான். வழிகாட்டி மகாபண்டிதரா என்பது இரண்டாம்பட்சம். குடையை உயர்த்திக்கொண்டு எதையேனும் சுட்டிக்காட்டி நின்றாலே போதும்.

பலசுருதி

இதைக் கற்றோர் ஞாயிறன்று ஆறரை மணிக்குப் பாரிமுனைக்கு வருக. தொப்பியும் தண்ணீரும் கொண்டு வருக. டிபனைத் தங்கசாலை வரைக்கும் ஒத்திவைக்க. கீழச்சிறகைக் காண விரும்புவோர் வெயிலில் நிற்கத் துணிக. பன்னிருவரில் ஒருவராக ஒரு தரம் நின்று பழகியவர், அடுத்த வாரம் தனியாகவே போய் அதே ஜன்னலை வேண்டுமட்டும் பார்க்கலாம். வாட்ச்மேன் விசாரித்தால், மற்றப் பதினொருவரும் பின்னால் வந்துகொண்டிருக்கிறார்கள் என்று சொல்லிவிடுக.